சுபிதா போட்ட பஜ்ஜி

மாவுச் சொட்டு எண்ணெயின் அடியில் போய் உட்கார்ந்துகொண்டு, எழுந்து வரமாட்டேன் என்று அடம்பிடித்தது. காயவில்லை. இன்னும் காயவில்லை. மணி மூன்று இருபது. தக்கலையிலிருந்து கார் புறப்பட்டாயிற்று என்று தங்கை செண்பகத்துக்குப் போன் வந்து பத்து நிமிஷம் ஆகிறது. நாகர்கோவில் வந்துசேர முக்கால் மணி நேரம், ஞாயிற்றுக்கிழமை ரோடு காலியாகக் கிடந்தால் அரை மணி. நாலரைக்கு ராகுகாலம் பிறக்கிறது, அதற்கு முன்னால் பெண்ணைப் பார்த்துவிட்டுக் கிளம்பிவிட வேண்டும் என்று மாப்பிள்ளையின் அம்மா லலிதாம்பிகை கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறாள். தாணுலிங்கம் முப்பத்தோரு வருஷம் பஸ் கண்டக்டராக இருந்தவர், நேரம் பார்த்து ஓடுவது அவருக்குப் புதிதில்லை. ஆனாலும் இன்றைக்கு நேரம் கையில் நிற்காமல் வழுக்கிக்கொண்டே போனது. அவர்கள் வரும்போது பஜ்ஜி சூடாக இருக்க வேண்டும். அதேசமயம் பஜ்ஜியைப் போட்டவர் முகம் கழுவி, வெள்ளைச் சட்டை மாட்டி, முன்னறை நாற்காலியில் ஒன்றும் தெரியாதவர்போல உட்கார்ந்திருக்கவும் வேண்டும். ஏனென்றால் பஜ்ஜி போட்டது பெண்ணாக்கும். பெண் பார்க்க வந்தவர்களிடம் பலகாரம் பெண்தான் செய்தாள் என்று சொல்லாத வீடு எங்கேயாவது உண்டா? பெரியம்மா செய்திருப்பாள், பக்கத்து வீட்டுக்காரி செய்திருப்பாள், கடையில் வாங்கித் தட்டை மட்டும் மாற்றியவர்களும் உண்டு. வருகிறவர்களுக்கும் அது தெரியும், தெரிந்துகொண்டே தலையாட்டுவார்கள், அவர்கள் வீட்டிலும் அதே பொய்தானே. எல்லாரும் சொல்லுகிற பொய்க்கு எதுக்குய்யா நெஞ்சு இப்படி அடிக்குது?

எதற்கு அடிக்கிறது என்று அவருக்குத் தெரியும். தெரியாததுபோல ஏத்தம்பழத்தின், அந்த நேந்திரம்பழத்தின், தோலை உரித்தார். தோலில் கறுப்புப் புள்ளி விழுந்திருக்க வேண்டும், உள்ளே சதை அமுங்கக் கூடாது, குறுக்கே இரண்டாக்கி நெடுக மூன்று சீவல், கனம் கூடினால் நடுவில் வேகாது, குறைந்தால் எண்ணெயில் நெளிந்துபோகும். மூன்று வருஷத்துக்கு முன்னால் வெந்நீர் வைக்கத் தெரியாத ஆள். பெண்டாட்டி செத்துப்போன பிறகும் மகள்தான் பொங்கிப் போட்டாள், இவர் கை நனைத்ததோடு சரி. அந்த நாளுக்கு அப்புறம்தான் எல்லாம் மாறியது. சுபிதாவுக்கு வலிப்பு உண்டு. இந்தச் சொல்லை அவர் மனசுக்குள்ளேகூட அமுக்கித்தான் சொல்லுவார், ஆஸ்பத்திரியில் டாக்டரிடமும் "அந்தத் தலைசுத்து வந்துது சார்" என்பார். டாக்டர் மூக்குக்கண்ணாடிக்கு மேலாக ஒரு பார்வை பார்த்துவிட்டு, வலிப்பு என்று எழுதுவார். காலையில் ஒன்று, ராத்திரி ஒன்று மாத்திரை. கடைசியாக வந்து பதினாலு மாதம் ஆகிறது. பதினாலு மாதம் என்றால் சும்மாவா? போய்விட்டது என்றே வைத்துக்கொள்ளலாமே. வைத்துக்கொள்ளலாமா? தூக்கம் கெட்டால் வரும், பதற்றம் கூடினால் வரும், மாத்திரை ஒருவேளை தப்பினால் வரும் என்று அந்த மனுஷன் விரல் மடக்கிச் சொன்னாரே. நேற்று ராத்திரி இரண்டு மணிக்கு அவள் அறையில் விளக்கு எரிந்தது. காலையில் மாத்திரையை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு நின்றதைப் பார்த்தார், விழுங்கியதைப் பார்த்தாரா? தண்ணீர்ச் செம்பை எடுத்தாள். செண்பகம் கூப்பிட்டாள். அதற்குப் பிறகு? விழுங்கியிருப்பாள், சின்னப் பிள்ளையா என்ன, இருபத்தாறு வயசு, விழுங்கியிருப்பாள்.

இப்போது போட்ட சொட்டு சட்டென்று மேலே வந்து பொரிந்தது. சரி. மாவில் சீவலைத் தோய்த்து விளிம்போடு விட்டார். மைதாவும் கொஞ்சம் அரிசி மாவும், ஒரு துளி மஞ்சள், சீனி, உப்பு, மாவு பழத்தை மூட வேண்டும், ஆனால் கரண்டியிலிருந்து ஒழுகவும் வேண்டும். இதெல்லாம் சுபிதா சொல்லிக்கொடுத்தது. அடுக்களை வாசலில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டு, "அப்பா, தீயக் குறைங்க. அப்பா, இப்பத் திருப்புங்க. அய்யோ, அது பழமாப்பா, கரிக்கட்டையா?" என்று சிரிப்பாள். வாய் அவளுடையது, கை இவருடையது. அப்படிப் பார்த்தால் இது அவள் போட்ட பஜ்ஜிதானே! சொல்லிக்கொடுத்தவள் அவள், பக்குவம் அவளுடையது, இவர் வெறும் வேலைக்காரன். பொய்யே இல்லை. இந்த நியாயம் அவருக்கு ரொம்பப் பிடித்திருந்தது, நாலு நாளாக இதையே திரும்பத் திரும்ப எடுத்துத் துடைத்து வைத்துக்கொள்ளுகிறார். ஆனால் அது கடைசி இடத்தில் வந்து சிக்கும். சிக்குகிற இடம் இதுதான்: சரி, பக்குவம் அவளுடையது, அப்போ அவள் ஏன் அடுப்புப் பக்கம் வரவில்லை? அதற்கு மேல் யோசனை நகராது. பஜ்ஜியைத் திருப்பினார். பொன்னிறம். தேங்காய் எண்ணெய் வாசம் வீடு முழுக்க ஏறியிருக்கும், அவர்கள் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே மூக்கில் ஏறும், நல்லதுதான். பக்கத்து அடுப்பில் புளியிஞ்சி கொதித்துச் சுண்டிக்கொண்டிருந்தது. இனிப்புப் பழத்தைப் புளியிஞ்சியில் தொட்டுத் தின்பது இந்த வீட்டு வழக்கம், கேட்கிறவர்கள் முகம் சுளிப்பார்கள், ஒரு கடி கடித்ததும் வாயை மூடிக்கொள்ளுவார்கள். கரண்டி நுனியால் தொட்டு நாக்கில் வைத்தார். புளிப்பு ஒரு பிடி தூக்கல். கருப்பட்டியை நுள்ளிப் போட்டார், மறுபடி நாக்கில் வைத்தார், சரியாக இருக்கிறதா? பயத்தில் நாக்கு செத்துப்போய்விட்டது, எழவு, ஒன்றும் விளங்கவில்லை.

முதலில் வந்த இரண்டு சம்பந்தத்துக்கும் உள்ளதைச் சொன்னார்கள். டாக்டர், "கல்யாணத்துக்கு ஒரு தடையும் இல்லை, ஆனால் சொல்லிவிட்டுச் செய்யுங்கள்" என்றதால் சொன்னார்கள். இரண்டு வீட்டாரும் ஒரே வார்த்தை: யோசிச்சுச் சொல்லுதோம். யோசித்துக்கொண்டே இருக்கிறார்கள், இன்றுவரை. ஒருத்தன் போகிற போக்கில் நாலு இடத்தில் பத்தவும் வைத்துவிட்டான். அதற்குப் பிறகுதான் தாணுலிங்கம் மகளின் கையை எடுத்துத் தன் தலையில் வைத்து, "இந்தத் தடவை நீ வாயத் தொறக்கப்பிடாது, சத்தியம் பண்ணு" என்றது. "அப்பா, இது நல்லதில்லப்பா." "எனக்கு நல்லது கெட்டது தெரியாதா பிள்ளே? கல்யாணம் கழியட்டும், பையன் பழகட்டும், பொறவு நானே பக்குவமாச் சொல்லுதேன்." கையை இழுத்துக்கொள்ளாமல் அப்படியே வைத்திருந்தாள். சத்தியம் பண்ணினாளா, சும்மா வைத்திருந்தாளா, அதுவும் தெளிவில்லை. மாப்பிள்ளை அஜீஷ் தங்கமான பையன் என்கிறார்கள், பேங்கில் வேலை, குடி கிடையாது. அவன் காலையில் ஒன்பதுக்குப் போனால் சாயங்காலம் ஆறுக்கு வருவான். அதுவரை தக்கலை வீட்டு அடுக்களையில் இவள். சீனிச்சட்டியில், அந்த வாணலி நிறைய, கொதிக்கிற எண்ணெய். பக்கத்தில் விவரம் தெரிந்த ஆள் ஒருத்தரும் இல்லை. கரண்டி விழுந்தால் யார் ஓடி... சட்டென்று அடுத்த சீவலை மாவில் போட்டார், கூடுதலாக மாவு ஒட்டிக்கொண்டது, உதறினார். யோசிக்காதே. யோசிக்காதே ஓய். எல்லாப் பெண்ணும்தான் சமைக்குது.

கரண்டி விழுந்தது. அதுதான், அந்தச் சத்தம்தான், எத்தனை தடவை வேறு பக்கம் திருப்பினாலும் நினைப்பு அங்கேதான் போய் நிற்கும். மூன்று வருஷத்துக்கு முன்னால், இதே அடுக்களை, இதே அடுப்பு. அவள் அப்பளம் பொரித்துக்கொண்டிருந்தாள், இவர் முன்னறையில் பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தார். கரண்டி விழுந்த சத்தம் காதில் விழுந்தது. விழுந்தது, கேட்டார், அவசரப்படவில்லை. கரண்டி விழாத வீடா? பேரூராட்சியில் குடிதண்ணீர்க் குழாய் பதிப்பது பற்றி ஒரு செய்தி, அந்த வரியை முடித்துவிட்டுத்தான் எழுந்தார். ஒரு வரி. வாசிக்க எவ்வளவு நேரம் ஆகிவிடும்? அந்த ஒரு வரிக்குள் மகளின் இடது கையில் முழங்கையிலிருந்து மணிக்கட்டுவரை எண்ணெய் வழிந்திருந்தது. தரையில் கிடந்து உதறிக்கொண்டிருந்தாள், கண் மேலே செருகியிருந்தது, அது என்னவென்றுகூட அன்றைக்கு இந்த மடையனுக்குத் தெரியவில்லை. இன்றைக்கு அவள் முழுக்கை ரவிக்கை போட்டிருக்கிறாள். "இப்ப இதுதான் பேஷன்" என்று செண்பகம் சொல்லித் தைத்துக் கொடுத்தது. பேஷன்! தாணுலிங்கத்துக்கு அழுகை முட்டியது, புகைதான் காரணம் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு தோளால் கண்ணைத் துடைத்தார்.

"எண்ணே, கார் சத்தம் கேக்கு! கைய விடு, சட்டையப் போடு, ஓடு ஓடு!" செண்பகம் உள்ளே பாய்ந்து வந்து கரண்டியைப் பிடுங்கினாள். அவர் ஓடினார், அறுபத்தொரு வயசில் சொந்த வீட்டுக்குள் திருடனைப்போல ஓடினார். சட்டைப் பொத்தான் ஒன்று தள்ளி மாட்டியது, கழற்றி மாட்டினார். வந்தார்கள், உட்கார்ந்தார்கள். லலிதாம்பிகை நல்ல வாட்டசாட்டமான மனுஷி, வாய்நிறையச் சிரிப்பு. அவள் புருஷன் அதிகம் பேசாதவர். அஜீஷ் தலையைக் குனிந்தபடியே எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தான். சுபிதா தட்டோடு வந்தாள். தட்டு ஆடவில்லை, நன்றாகப் பிடித்திருந்தாள், அவர் தட்டை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தார். "எல்லாம் அவ கைதான்" என்று செண்பகம் எடுத்துக் கொடுத்தாள். சும்மா இருந்திருக்கலாம் தாணுலிங்கம். இருந்தாரா? "பம்பரமாச் சுத்துவா அடுக்களையில. எனக்கு வெந்நி வைக்கக்கூடத் தெரியாது" என்று ஒரு பிடி சேர்த்துவிட்டார். சுபிதா அவரை ஒரு பார்வை பார்த்தாள். லலிதாம்பிகை ஒரு சீவலைப் புளியிஞ்சியில் முக்கிக் கடித்தாள், புருவம் மேலே போயிற்று. "எம்மா! இது என்ன கூட்டு? பழத்துக்குப் புளியிஞ்சியா? ஏலே அஜீஷே, தின்னு பாரு." அவன் தின்றான், இன்னொன்று எடுத்தான், அவன் அப்பா பேசாமல் மூன்று எடுத்தார். தட்டு காலி. தாணுலிங்கத்துக்கு உள்ளுக்குள்ளே ஒரு துள்ளல், ஜெயித்தாச்சு என்று நினைத்தார், சத்தியமாக அந்த ஒரு நிமிஷம் அப்படித்தான் நினைத்தார். "மக்கா, இன்னும் நாலு சூடாப் போடேன்" என்றாள் லலிதாம்பிகை, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டே. "நானும் வாறேன். கூட நின்னு பக்குவத்தப் பாத்துக்கிடுதேன். நாளைக்கு எம்மருமவகிட்டதான கத்துக்கணும்?"

மருமகள் என்று சொல்லிவிட்டாள். இந்த வார்த்தைக்காக இரண்டு வருஷம் தவம் கிடந்தார், அது வந்து காதில் விழுகிற நேரம் மகள் அடுப்புக்குப் போகிறாள். சுபிதா எழுந்து நின்று அவரைப் பார்த்தாள். கேட்கிறாள், வாயால் இல்லை, கண்ணால் கேட்கிறாள்: போகட்டுமா? செண்பகம் இந்தப் பக்கத்திலிருந்து, பேசாம இரி என்று கண்ணை உருட்டினாள். அவர் தலையை அசைத்தார். எப்படி அசைத்தார், ஆமென்றா இல்லையென்றா, அவருக்கே தெரியவில்லை, அவள் போய்விட்டாள். பின்னாலேயே லலிதாம்பிகை, அவளுக்குப் பின்னால் செண்பகம். செண்பகம் கூட இருக்கிறாள், பயமில்லை. லைட்டர் சத்தம். ஒன்று, இரண்டு, மூன்றாவதில் பற்றியது. மாப்பிள்ளையின் அப்பா நாலுவழிச் சாலை பற்றி என்னவோ கேட்டார், "ஆமா, ஆமா" என்றார் இவர். எண்ணெய் ஏற்கெனவே சூடு, காய நேரம் ஆகாது. நாலு சீவல், ஐந்து நிமிஷம், பதினாலு மாதமாக வராதது இந்த ஐந்து நிமிஷத்திலா வரும்? இரண்டு மணிக்கு விளக்கு எரிந்தது. தண்ணீர்ச் செம்பை எடுத்தாள். செண்பகம் கூப்பிட்டாள். "புளியங்கொட்டைக் கணக்கா ஒரு கட்டி கருப்பட்டி..." என்று சுபிதாவின் குரல் கேட்டது, நன்றாகத்தான் பேசுகிறாள், அப்பாடா. பிறகு குரல் நின்றது. ஏன் நின்றது? "செண்பகம், ஒரு டம்ளர் தண்ணி தருவியா?" இது லலிதாம்பிகை. செண்பகம் இந்தப் பக்கம் வந்து குளிர்பெட்டியைத் திறக்கிறாள். அப்போ அடுப்புப் பக்கத்தில் யார்? விவரம் தெரிந்த ஆள் யார்? குரல் இன்னும் கேட்கவில்லை. "நாலுவழிச் சாலை வந்தா..." என்று மாப்பிள்ளையின் அப்பா சொல்லிக்கொண்டிருந்தார். தாணுலிங்கம் அந்தப் பேச்சு முடியும்வரை நிற்கவில்லை.

வாசலில் நின்று பார்த்தார். சுபிதா சட்டிக்கு முன்னால் நின்றாள், வலது கையில் மாவு தோய்ந்த சீவல், எண்ணெய்க்கு ஒரு சாண் மேலே, அப்படியே நிற்கிறது. விடவும் இல்லை, எடுக்கவும் இல்லை. கண் எண்ணெயில் நிலைகுத்தியிருந்தது. இடது கைப் பெருவிரல் சுட்டுவிரலைத் தேய்த்துக்கொண்டே இருந்தது. அது வருவதற்கு முன்னால் அவள் இப்படித்தான் தேய்ப்பாள். பயந்தாலும் இப்படித்தான் தேய்ப்பாள். பரீட்சைக்குப் போகும்போது தேய்ப்பாள், பஸ் வராவிட்டால் தேய்ப்பாள். இது எது? தொண்டை ஏறி இறங்கியது, விழுங்குகிறாள். விழுங்குவதும் உண்டு. இது எது, கடவுளே, இது எது? லலிதாம்பிகை வாஞ்சையோடு, "போடு மக்கா, என்னத்தப் பாத்துக்கிட்டு நிக்கே?" என்றாள். ஒரு வார்த்தை பேசாமல் இருந்தால் கல்யாணம். கையில் இருக்கிறது, கைக்கு எட்டியாயிற்று, இன்னும் அரை நிமிஷம் வாயை மூடிக்கொண்டு நின்றால் போதும், அவள் சீவலை விட்டுவிடுவாள், அது பொரிந்து வரும், எல்லாரும் சிரிப்பார்கள், ஆவணியில் முகூர்த்தம். சுபிதாவின் கை கொஞ்சம் தாழ்ந்தது. தாணுலிங்கம் பாய்ந்து அவள் மணிக்கட்டைப் பிடித்துப் பின்னால் இழுத்தார். சீவல் தரையில் விழுந்து சிதறியது, மாவு லலிதாம்பிகையின் பட்டுச்சேலையில் தெறித்தது. "விலகு பிள்ளே! அடுப்ப விட்டு விலகு! வேண்டாம். அவளுக்கு வலிப்பு உண்டு. வலிப்பு. அடுப்புல நிக்கப்பிடாது. பஜ்ஜி நான் போட்டது. எல்லாம் நான் போட்டது." தன் குரல் இத்தனை சத்தமாக வரும் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. முன்னறையில் நாற்காலி நகர்கிற சத்தம் கேட்டது, வாசலில் அஜீஷ் வந்து நின்றான்.

லலிதாம்பிகைதான் அடுப்பை அணைத்தாள். சேலையில் பட்ட மாவைத் துடைக்கவில்லை. சிரிப்பு போய்விட்டது, ஆனால் கோபமும் வரவில்லை, அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. சுபிதாவைப் பார்த்துக் கேட்டாள்: "நீ சொல்லிருக்கலாமேம்மா. ஒளிக்கச் சொன்னது யாரு?" தாணுலிங்கம் கண்ணை மூடிக்கொண்டார். சொல்லிவிடட்டும், அப்பாதான் என்று சொல்லட்டும், சொன்னால் பிள்ளையின் பேராவது கெடாது. "யாரும் சொல்லல்ல அத்தே. எனக்குத்தான் சொல்லப் பயமாயிருந்துது" என்றாள் சுபிதா. "பொய்யி!" என்று அவர் கத்தினார். "எந்தலையில சத்தியம் வாங்கினது நான். அவ சொல்லணும்ணுதான் நின்னா. அவளக் குத்தம் சொல்லாதுங்கோ, அவமேல ஒரு குத்தமும் கிடையாது." மாப்பிள்ளையின் அப்பா முன்னறையிலிருந்து கைக்கடிகாரத்தைப் பார்த்து, "ராகுகாலம் பொறக்கப் போகுது" என்றார். செருப்பு மாட்டும்போது லலிதாம்பிகை திரும்பி, அந்த வார்த்தையைத்தான் சொன்னாள், "யோசிச்சுச் சொல்லுதோம்" என்று. அஜீஷ் என்னவோ கேட்க வாயெடுத்தான், அம்மா தோளைத் தொட்டாள், காரில் ஏறிவிட்டான்.

"பாவி, எல்லாம் பழுத்து வந்த நேரத்துல போட்டு ஒடச்சியே!" என்று செண்பகம் தலையில் அடித்துக்கொண்டு பின்வாசலுக்குப் போனாள். அடுக்களையில் அப்பாவும் மகளும் மட்டும் நின்றார்கள். அவள் மணிக்கட்டை அவர் இன்னும் விடவில்லை, விட்டால் விழுந்துவிடுவாள் என்று பிடித்திருந்தார், முகத்தைத் தூக்கிக் கண்ணைப் பார்த்தார், வந்துவிட்டதா, வரப்போகிறதா, உட்காரவைப்போமா, தலைக்கு என்ன வைப்பது? கண் தெளிவாக இருந்தது. ஈரமாக இருந்தது, அவ்வளவுதான்.

"அப்பா, எனக்கு ஒண்ணும் வரல்லப்பா. காலையில மாத்திரை போட்டாச்சு. மூணு வருசத்துக்கப்புறம் எண்ணெய்ச் சட்டி முன்னால நிக்கேன், அதான் கை நின்னு போச்சு. பயந்துட்டேன், வேற ஒண்ணுமில்ல."

"அது எனக்கு எப்படி மக்கா தெரியும்?" என்றார் தாணுலிங்கம்.